கல்வெட்டில் நான் விட்ட மூத்த மகன்

ஒரு தாய்க்கு ஐந்து பிள்ளைகள். நான்கு என்று எழுதினேன். அதை அச்சடித்து முந்நூறு பேர் கையில் கொடுத்து, அவர்கள் முன்னால் பாடியும் காட்டினேன். தவறுதலாக அல்ல. விடப்பட்டவர் அந்தத் தாயின் மூத்த மகன். இலங்கை அரசின் விமானப்படையில் பெரிய அதிகாரியாக இருந்து போரில் இறந்தவர். என் நண்பர். ஒருமுறை என் உயிரைக் காப்பாற்றியவர். இனி நான் சொல்லப்போகும் எதுவும் இந்த முதல் பத்தியை மாற்றாது.

வழக்கம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். யாழ்ப்பாணத்துச் சைவர் வீட்டில் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி நடக்கும். அன்று வந்தவர்களுக்குச் சோறும் கறியும் கொடுப்பார்கள், ஒரு சிறு புத்தகமும் கொடுப்பார்கள். அந்தப் புத்தகத்துக்குக் கல்வெட்டு என்று பெயர். கல்லுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, வழவழப்பான தாள்தான். இறந்தவரின் வாழ்க்கை வரலாறு இருக்கும். பெற்றோர், உடன்பிறந்தோர், பிள்ளைகள், மருமக்கள், பேரப்பிள்ளைகள் என்று பெயர் வரிசை இருக்கும். சில தேவாரங்களும், கடைசியில் இறந்தவர்மேல் பாடிய வெண்பாக்களும் வரும். வெண்பாக்களை ஒருவர் எழுந்து நின்று சபையில் பாடவேண்டும். லண்டனுக்கு வந்த எங்கள் ஆட்கள் குளிரைச் சாட்டிப் பல வழக்கங்களை விட்டார்கள். இதை விடவில்லை.

நான் யாழ்ப்பாணத்தில் தமிழும் சரித்திரமும் படிப்பித்தவன். இங்கே வந்து முதலில் பெற்றோல் நிலையத்திலும் பிறகு கவுன்சிலின் வாகனத் தரிப்பிடப் பிரிவிலும் வேலை செய்தேன். நான் குடியிருக்கும் மோர்டனில் என் பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது. கல்வெட்டு மாஸ்ரர் என்றால் வீட்டைக் காட்டுவார்கள். எழுபதுக்கு மேல் எழுதியிருக்கிறேன். குடிகாரர் ஒருவருக்கு 'நட்பு வட்டம் மிகப் பெரிது' என்று எழுதினேன். காலமெல்லாம் வேலித் தகராறில் வழக்காடியவரை 'உரிமைக்காக எதையும் இழக்கத் துணிந்தவர்' என்றேன். மனைவியோடு பதினெட்டு வருடம் பேசாதிருந்தவர் என் புத்தகத்தில் 'அமைதியான இல்லறம்' நடத்தினார். இவை பொய் என்று எல்லோருக்கும் தெரியும். ஆகையால் யாரும் ஏமாறவில்லை. ஆனால் பெயர் வரிசையில் மட்டும் ஒருவரும் கை வைப்பதில்லை. அது காணி உறுதிப் பத்திரம் மாதிரி. நாளைக்கு ஒரு கல்யாணம் பேசும்போது யார் யாருக்கு என்ன முறை என்று பார்க்கக் கல்வெட்டைத்தான் எடுத்து விரிப்பார்கள். அச்சில் இருந்தால் பிறந்தார், இல்லாவிட்டால் பிறக்கவில்லை.

நண்பர் பள்ளிக்கூடத்தில் எனக்கு ஒரு வகுப்பு மேலே. பள்ளிக்கூடத்துத் தண்ணீர்ப் பம்பு பழுதானால் அதிபர் மெக்கானிக்குக்கு ஆள் அனுப்பமுன் அவரைத்தான் கூப்பிடுவார். திருத்தி முடித்ததும் மற்றவர்கள் போல் கையைத் துடைத்துக்கொண்டு போகமாட்டார். தொட்டி நிரம்பும்வரை பக்கத்திலேயே குந்தியிருப்பார். "திருத்தினவன் நிண்டு பாக்கவேணும்" என்பார். அப்போது அவருக்குப் பதினாறு வயது. பேச்சில் ஓய்வுபெறும் வயது.

அவர் விமானப்படையில் சேர்ந்தபோது ஊரில் யாரும் முகம் சுளிக்கவில்லை. அரசாங்க உத்தியோகம், சீருடை, அதற்குமேல் ஆகாயம். தாய் கோயிலில் அர்ச்சனை செய்வித்து அயலெல்லாம் மோதகம் கொடுத்தார். நானும் சாப்பிட்டேன். அந்தக் காலத்தில் அந்தப் படையிடம் இருந்த விமானங்கள் மந்திரிமாரையும் வெள்ள நிவாரணத்தையும்தான் ஏற்றின. அவர் விமானம் ஓட்டியவர் அல்லர், பொறியியல் பிரிவு. அதற்காக இரண்டு வருடம் இங்கிலாந்துக்கு அனுப்பிப் படிப்பித்தார்கள். அங்கிருந்து எனக்கு ஒரேயொரு தபாலட்டை வந்தது. 'இங்கே மழை. என்ஜின்கள் நல்லவை.' இரண்டு வருட வாழ்க்கைக்கு அவர் எழுதிய அறிக்கை அவ்வளவுதான்.

பழுது பார்த்த விமானம் பறக்கலாம் என்று பொறியியல் அதிகாரி கையெழுத்து வைத்த பிறகுதான் அது தரையை விட்டு எழும்பலாம். அவர் கையெழுத்து வைத்தால் அந்த விமானத்தின் முதல் பயணத்தில் தானும் ஏறுவார். சட்டம் அப்படிக் கேட்கவில்லை. மேலதிகாரிகள் வேண்டாம் என்றும் சொல்லிப் பார்த்தார்கள். அவருக்கு அந்தத் தொட்டி நிரம்பும்வரை எழும்ப மனம் வராது.

தெற்கில் தமிழருக்கு எதிராகக் கலவரம் வெடித்தபோது நான் பரீட்சை விடைத்தாள் திருத்தக் கொழும்புக்குப் போய், ஒரு வாடகை அறையில் தங்கியிருந்தேன். இரண்டாம் நாள் காலை தெருவின் மறுகோடியில் ஒரு வீடு எரிந்தது. விமானப்படை ஜீப் ஒன்று வந்து வாசலில் நின்றது. நண்பர் இறங்கினார். என்னைப் பின்பக்கம் படுக்க வைத்துப் தார்ப்பாய்ப் படங்கால் மூடினார். முகாமுக்குள் இருந்த தன் விடுதிக்குக் கொண்டுபோனார். ஒன்பது நாள் அங்கே இருந்தேன். உடுக்க அவருடைய சாரம், அவருடைய சவர அலகு, அவருடைய கட்டில். அவர் நிலத்தில் படுத்தார்.

"டேய், யன்னலாலை எட்டிப் பாக்காதை. நீ என்ரை குக் எண்டு சொல்லி வைச்சிருக்கிறன்."

"எனக்குச் சமைக்கத் தெரியாதே."

"அதுதான் மச்சான் எனக்கும் கவலை. பக்கத்து விங் கொமாண்டர் மத்தியானம் சாப்பிட வாறார்."

பருப்பு வைத்தேன். அடிப்பிடித்தது. விங் கொமாண்டர் சிங்களவர், பருத்த மனிதர். ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். நான் குக் அல்ல என்பது அந்த ஒரு வாயிலேயே அவருக்கு விளங்கிவிட்டது. ஒன்றும் சொல்லாமல் இரண்டாந்தரமும் போட்டுச் சாப்பிட்டார். இருவரில் ஒருவர் வாய் திறந்திருந்தால் நான் இதை எழுத இருந்திருக்க மாட்டேன்.

நான் லண்டனுக்கு வந்தேன். அவர் அங்கேயே இருந்தார். மந்திரிமாரை ஏற்றிய படை குண்டு ஏற்றத் தொடங்கியது. அவருக்கு வந்துகொண்டிருந்த சாதகங்கள் நின்றன. சில வீட்டார் கொடுத்த சாதகத்தைத் திருப்பி வாங்கினார்கள். அவர் கலியாணம் செய்யவில்லை. குறூப் கப்டன் பதவி வரை வந்தார்.

யாழ்ப்பாணத்தில் என் அக்கா வீட்டின்மேல் ஒரு குண்டு விழுந்தது. அக்கா கிணற்றடியில் நின்றதால் தப்பினார். அத்தான் வீட்டுக்குள் இருந்தார். செய்தி வந்த மறுநாள் நான் கொழும்புக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"உன்ரை பிளேன்தானே?" என்றேன்.

"நான் சாமான் ஏத்திற பிளேன்தான் பாக்கிறன்."

"நட்டும் போல்ட்டும் எல்லாத்துக்கும் ஒண்டுதானே?"

"ஓம்" என்றார். "ஒண்டுதான்."

"அப்ப விட்டிட்டு வா."

"வந்து? உன்னோடை நிண்டு பெற்றோல் அடிக்கவோ?"

"அடிச்சா என்ன குறைஞ்சா போவாய்?"

"ஏத்திற சனத்துக்கு ஆர் சைன் பண்ணுறது மச்சான்?"

நான் தொலைபேசியை வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு நாங்கள் பேசவில்லை. அவர் அங்கே இருந்தது சரியா என்று என்னைக் கேட்டால், சரியில்லை என்றுதான் இன்றைக்கும் சொல்வேன். அவரும் ஒருவேளை அதையே சொல்லியிருப்பார். ஆனால் நான் செய்தது அதற்கான தீர்ப்பு அல்ல. அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

வடக்கே ஒரு சாமான் விமானம் பழுதாகி நின்றது. அவர் போய் நான்கு நாள் நின்று என்ஜினை மாற்றிக் கையெழுத்து வைத்தார். விடுமுறையில் வீடு போகும் சிப்பாய்களை ஏற்றிக்கொண்டு அது கொழும்புக்குப் புறப்பட்டது. வழக்கப்படி அவரும் ஏறினார். புறப்பட்டுச் சில நிமிடத்தில் கடலில் விழுந்தது. அரசாங்க வானொலி இயந்திரக் கோளாறு என்றது. மறுபக்கத்து வானொலி தாங்கள் சுட்டு வீழ்த்தியதாகச் சொன்னது. முதலாவது உண்மையென்றால் பிழை அவருடைய கையெழுத்தில். இரண்டாவது உண்மையென்றால் அவரைக் கொன்றவர்கள் எங்கள் ஊர்ப் பிள்ளைகள். அவருடைய உடல் கிடைக்கவில்லை. உயிரோடிருந்தபோது இரண்டு தடவை தள்ளிப்போட்ட பதவி உயர்வை இறந்த பிறகு ஒரே கிழமையில் கொடுத்தார்கள். எயார் கொமடோர் ஆனார்.

அப்போது அவருடைய தாய் மோர்டனில் கடைசி மகள் வீட்டில் இருந்தார். செய்தி கேட்டுத் துக்கம் விசாரிக்கப் போனேன். அப்படியொரு வீட்டுக்கு இருநூறு பேர் வருவது வழக்கம். என்னோடு சேர்த்து ஒன்பது பேர் இருந்தோம். வந்தவர்களும் "கேள்விப்பட்டனாங்கள்" என்றார்களே தவிர, எதைக் கேள்விப்பட்டோம் என்று சொல்லவில்லை. தாய்தான் பேசினார்.

"எந்த ரேடியோ சரியெண்டு கேக்கினம். எந்த ரேடியோவிலை சொன்னாலும் பிள்ளை கடலுக்கைதானே தம்பி."

நான்கு வருடம் கழித்து அந்தத் தாய் நோயில் விழுந்தார். ஆஸ்பத்திரிக்கு என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். தன் கல்வெட்டைத் தானே சொல்லி எழுதுவித்த ஒரே ஆளை நான் அங்கேதான் கண்டேன். பிறந்த ஊர், புகுந்த ஊர் எல்லாம் ஒழுங்காகச் சொல்லிக்கொண்டு வந்தவர், பிள்ளைகள் வந்ததும் என் கையைப் பிடித்தார்.

"ஐஞ்சு பேரையும் போடு. மூத்தவனை முதல் போடு. என்ன வேலை எண்டும் போடு. அவன் களவெடுக்கேல்லை."

"ஓம் அம்மா" என்றேன்.

"அவன்ரை சோறு திண்டனி நீ."

"ஓம் அம்மா."

ஐந்து பேரையும் போட்டுத்தான் எழுதினேன். சீருடையோடு அவருடைய படத்தையும் வைத்தேன். அச்சுப் பிரதியைக் கடைசி மகளிடம் கொடுத்தேன். அவர் வாசித்துப் பார்த்துக் கண்ணைத் துடைத்து, சரி மாஸ்ரர் என்று திருப்பித் தந்தார். அச்சகத்துக்குக் கொண்டுபோகிற வழியில், பஸ்ஸில், அவருடைய படமிருந்த பக்கத்தை எடுத்து, வரிசையில் அவருடைய பெயரையும் வெட்டிவிட்டேன்.

அந்த ஆண்டுகளில் லண்டன் தமிழ் மண்டபங்களில் எந்தப் பெயரைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது என்று யாரும் எழுதி ஒட்டவில்லை. எல்லோருக்கும் தெரிந்திருந்தது. என்னை ஒருவரும் மிரட்டவில்லை. மிரட்டியிருந்தால் சொல்வதற்கு ஒரு காரணமாவது இருந்திருக்கும். அத்தானை நினைத்துக் கோபத்தில் செய்தேன் என்று சொல்ல எனக்கு ஆசை. கோபத்துக்கு ஒரு மரியாதை உண்டு. அதுவும் இல்லை. அந்தப் படத்தைப் பார்த்தால் அடுத்த செத்தவீட்டுக்காரர் கல்வெட்டு எழுத வேறு ஆளைத் தேடுவார்கள் என்று பயந்தேன். அவ்வளவுதான். வெண்பாவில் 'பிள்ளைகள் ஐவர்' என்றிருந்ததை 'பிள்ளைகள் நால்வர்' என்று மாற்றினேன். தளை தட்டவில்லை. தட்டியிருந்தால் விட்டிருப்பேனோ தெரியாது. வெண்பா விஷயத்தில் நான் கண்டிப்பானவன்.

அந்தியேட்டியன்று மண்டபம் நிறைந்திருந்தது. எழுந்து நின்று பாடினேன். நால்வர் என்ற இடத்தில் என் குரல் பிசகவில்லை. கடைசி மகள் முன்வரிசையில் இருந்தார். பாடி முடிய, புத்தகத்தோடு என்னிடம் வந்தார்.

"மாஸ்ரர், பெரியண்ணையைக் காணேல்லை."

"இடம் காணாமல் போச்சு தங்கச்சி."

ஆறாம் பக்கம் முழுவதும் ஒரு குத்துவிளக்கின் படம். அவர் அந்தப் பக்கத்தை விரித்து எனக்குக் காட்டினார். நான் பார்த்தேன். அவர் மூடினார்.

"சாப்பிட்டிட்டுப் போங்கோ" என்றார்.

சாப்பிட்டேன். பாயசமும் வாங்கிக் குடித்தேன்.

பிறகு அவர்கள் செவன் கிங்ஸ் பக்கம் வீடு மாறிப்போனார்கள். போர் முடிந்தது. யாரும் யாருக்கும் பயப்படத் தேவையில்லாத காலமும் வந்தது. நான் போய்ச் சொல்லியிருக்கலாம். அந்தத் திருத்தத்துக்கு இருபது வருடத்துக்கு மேல் அவகாசம் இருந்தது. நான் மற்றவர்களுடைய கல்வெட்டுகளை எழுதிக்கொண்டிருந்தேன்.

போன வருடம் ஒரு காலை தொலைபேசி வந்தது. நான் தங்கச்சி என்று கூப்பிடும் அந்தக் கடைசி மகளின் மகள். இருபத்தாறு வயது, அம்மம்மாவின் அந்தியேட்டியன்று கைக்குழந்தை, மருந்துக்கடையில் பாமசிஸ்ட். தகப்பன் முன்பே போய்விட்டார். தாயோடு அதே வீட்டில் இருக்கிறார்.

"அங்கிள், சொறி, உங்களை டிஸ்ரேப் பண்ணுறன். அம்மாக்கு டிமென்ஷியா. கொஞ்ச நாளா இல்லாத ஒரு ஆளைப் பற்றிக் கதைக்கிறா."

"ஆரைப் பற்றி?"

"ஒரு பெரிய அண்ணாவாம். ஏயார்போர்ஸாம். மேலை பிளேன் போனா, இதை ஆர் சைன் பண்ணினது எண்டு என்னைக் கேக்கிறா. எனக்கு என்ன தெரியும்? நான் அம்மம்மான்ரை கல்வெட்டை எடுத்து, தமிழ் வாசிக்கத் தெரிஞ்ச பிரெண்டிட்டைக் குடுத்துப் பாத்தன். நாலு பிள்ளையள்தான். கிளினிக்கிலையும் அதைக் காட்டினன்."

"அவை என்ன சொன்னவை?"

"டெலூஷனாம். ஒரு ராப்லெட் கூட்டியிருக்கினம்."

இல்லாத அண்ணனுக்காக ஒரு மாத்திரை. நான் கதிரையில் இருந்துகொண்டேன்.

"நீங்கள் ஒருக்கா வந்து அம்மாக்குச் சொல்லுவீங்களா, அங்கிள்? மாமாமார், பெரியம்மா ஒருத்தரும் இப்ப இல்லை. கல்வெட்டு எழுதின ஆளே சொன்னா நம்புவா."

வாறன் என்றேன். அடுத்த சனிக்கிழமை மோர்டனில் ரயில் ஏறினேன். மூர்கேற்றில் மாறி, செவன் கிங்ஸில் இறங்கும்வரை ஒரே வசனத்தைத் திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்தேன். தங்கச்சி, உங்கடை அம்மாவுக்கு ஐஞ்சு பிள்ளையள், நான்தான் பிழையாப் பாடினனான். இதில் கடினமான சொல் ஒன்றும் இல்லை.

தங்கச்சி முன்னறையில் இருந்தார். முடி முழுக்க வெளுத்து, சிறுத்துப் போயிருந்தார். என்னைக் கண்டதும் எழும்ப முயன்றார்.

"மாஸ்ரர் எல்லோ? வாங்கோ, வாங்கோ. பிள்ளை, மாஸ்ரருக்குத் தேத்தண்ணி போடு. சீனி ரண்டு கரண்டி."

என் சீனிக் கணக்கு உட்பட எல்லாம் சரி. மகள் ஆச்சரியத்தோடு என்னைப் பார்த்தார். பிறகு தாயின் பக்கத்தில் இருந்தார்.

"அம்மா, அங்கிளுக்கு உங்கடை ஏயார்போர்ஸ் அண்ணாவைப் பற்றிச் சொல்லுங்கோ."

தங்கச்சியின் முகம் மாறியது. அந்த மாற்றத்தை நான் முன்பு மண்டபங்களில் பல முகங்களில் பார்த்திருக்கிறேன்.

"எனக்கு மூண்டு சகோதரம்" என்றார். "என்னோடை நாலு. மாஸ்ரருக்குத் தெரியும்தானே. மாஸ்ரர் பாடினவர்."

"நேற்றுச் சொன்னீங்களே அம்மா..."

"சும்மா இரு." பிறகு மகளின் காதுக்குள் குனிந்தார். காது கேட்பது குறைந்தவர்கள் இரகசியம் சொல்வது போல, அறைக்கே கேட்கும்படி சொன்னார். "இந்த மனிசனுக்கு முன்னாலை அண்ணையைப் பற்றி வாய் திறக்காதை."

மகளுக்கு மூன்று சகோதரம் என்ற முதற்பாதி மட்டும்தான் மனதில் நின்றது போலும். சமையலறைக்கு என்னைக் கூட்டிக்கொண்டு போய், "அங்கிள், யூ ஆர் கிரேட்" என்றார். "இப்ப எவ்வளவு நோர்மலாக் கதைச்சவ பாருங்கோ. நீங்கள் கிழமைக்கு ஒருக்கா வர ஏலுமா?"

அங்கே, கேத்தில் கொதிக்கும் சத்தத்துக்குள், நான் சொன்னேன். ஒன்பது நாள், பருப்பு, கடல், ஆஸ்பத்திரிக் கட்டில், பஸ். ரயிலில் தயாரித்த வசனம் ஞாபகம் வரவில்லை. முடிந்ததும் மகள் கேத்திலை நிற்பாட்டினார்.

"சோ, அம்மா சரி."

"ஓம்."

"அப்ப அந்த ராப்லெட்?"

"அதை உங்கடை அம்மாவுக்கு எழுதினது பிழை. எனக்கு எழுதியிருக்கவேணும்."

"ஜோக் அடிக்காதேங்கோ அங்கிள்" என்றார். சரியாகத்தான் சொன்னார். "அவ எத்தினை தரம் எனக்குச் சொன்னவ தெரியுமா? நான் ஒவ்வொரு தரமும் இல்லை அம்மா, அப்பிடி ஒருத்தரும் இல்லை எண்டு சொன்னனான். புக்கைக் காட்டிச் சொன்னனான். அவ அழுதவ."

தேத்தண்ணீரில் இரண்டு கரண்டி சீனி போட்டுத் தந்தார். நின்றபடியே குடித்தேன்.

வீட்டுக்கு வந்து அந்தக் கல்வெட்டைத் திருப்பி எழுதினேன். ஐந்து பிள்ளைகள், மூத்தவர் முதலில், வேலையும் பதவியும் இறந்த விதமும் உள்ளபடி. அவருடைய வாழ்க்கையைத் தனியாக எட்டுப் பக்கம் எழுதினேன். பம்பு, தபாலட்டை, ஜீப், நட்டும் போல்ட்டும் எல்லாம் அதில் உண்டு. 'உரிமைக்காக', 'அமைதியான' போன்ற சொற்கள் ஒன்றும் இல்லை. முதல் பக்கத்தில், முந்தியதில் பெயரை நீக்கியது நான் என்று எழுதிக் கையெழுத்து வைத்தேன். அன்று மண்டபத்தில் இருந்தவர்களில் விலாசம் தெரிந்த எல்லோருக்கும் தபாலில் அனுப்பினேன்.

பாதிப் பேர் இப்போது உயிரோடில்லை. ஒருவர் தொலைபேசியில், "இப்ப இது ஏன் மாஸ்ரர்? எல்லாம் முடிஞ்சு போச்சே" என்றார். இன்னொருவர் அச்சு நன்றாக வந்திருக்கிறது என்றார். கிழக்கு லண்டன் பார்க்கிங்கில் குடியிருக்கும் ஒருவர், குண்டுவீச்சில் தம்பியைப் பறிகொடுத்தவர், புத்தகத்தைக் கடிதமில்லாமல் திருப்பி அனுப்பினார். அவருக்கு அந்த உரிமை உண்டு. என் அக்கா கனடாவிலிருந்து பேசினார். வாசித்தேன் என்றார். அத்தானைப் பற்றி நீ எப்போது எழுதுவாய் என்று கேட்டார். இன்னும் எழுதவில்லை.

தங்கச்சியிடம் நேரில் கொண்டுபோனேன். அருகில் இருந்து, ரயிலில் தயாரித்து மறந்த வசனத்தை இந்தமுறை முழுக்கச் சொன்னேன். ஐஞ்சு பேர் தங்கச்சி, நான்தான் பிழையாப் பாடினனான். பெரியண்ணையின் படம் இருந்த பக்கத்தைத் திறந்து மடியில் வைத்தேன்.

அவர் படத்தைப் பார்த்தார். கையை வைத்து அதை மறைத்தார். மறுகையால் ரிமோட்டைத் தேடி எடுத்து ரீவியின் சத்தத்தைக் கூட்டினார்.

"மாஸ்ரர், உங்களை ஆரோ அனுப்பியிருக்கினம்" என்றார். "எனக்கு மூண்டு சகோதரம்தான். போய்ச் சொல்லுங்கோ."

எவ்வளவு சொல்லியும் அவர் கையை எடுக்கவில்லை. நான் போகும்போது, "சாப்பிட்டிட்டுப் போங்கோ" என்றார். இந்தமுறை சாப்பிடவில்லை.

கிளினிக்கில் அந்த மாத்திரையை நிறுத்தினார்கள். மகள் தமிழ் வாசிக்கமாட்டார். ஆகவே எட்டுப் பக்கத்தையும் நான் தொலைபேசியில் மெல்ல மெல்லச் சொல்ல, அவர் ஆங்கில எழுத்தில் எழுதிக்கொண்டார். அதற்கு நான்கு சனிக்கிழமை எடுத்தது. இப்போது ஞாயிற்றுக்கிழமைகளில் தாய்க்கு வாசித்துக் காட்டுகிறார். மாஸ்ரர் வீட்டில் இல்லை, வரமாட்டார் என்று மகள் முதலில் சொல்லவேண்டுமாம். சொன்ன பிறகு தங்கச்சி கேட்கிறார், சில இடங்களில் சிரிக்கிறார், பிழை இருந்தால் நிறுத்துகிறார். நான் அந்த வீட்டுக்குப் போவதில்லை என்று மகளுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன். பிழைகளைத் திங்கட்கிழமை மகள் எனக்கு அனுப்புவார். அண்ணை இடக்கையால்தான் எழுதுவார், வலக்கை இல்லை. இங்கிலாந்திலிருந்து வந்தது ஒரு தபாலட்டை அல்ல, தங்கச்சிக்கு வேறு மூன்று வந்தன. அண்ணை பருப்புச் சாப்பிடுவதேயில்லை. என் ஒன்பது நாளும் எனக்காகச் சாப்பிட்டிருக்க வேண்டும். இதுவரை பதினொரு திருத்தம் வந்திருக்கிறது. பதினொன்றையும் சேர்த்துவிட்டேன்.